காலா கேட்ட ‘எப்படி?’

திருமுல்கேரியில் எங்கள் கீழ்வீட்டில், தமிழ் தெரியாத, இந்தி மாதிரி ஒன்று பேசுகிற ஒரு பெண்மணி இருந்தார். நாங்கள் பிள்ளைகள் எல்லோரும் அவரைக் காலா, அதாவது சித்தி, என்று கூப்பிடுவோம். ஒன்பது வயதில் எனக்கு உலகத்திலேயே பெரிய ஆள் அவர்தான்.

காரணம் இருக்கிறது. அப்பாவும் அம்மாவும் வேலையிலிருந்து வந்ததும் என்னிடம் இரண்டே கேள்வி கேட்பார்கள். சாப்பிட்டாயா, ஹோம்வொர்க் முடித்தாயா. பதில் சொல்வதற்குள் இருவரும் போனுக்குள் போய்விடுவார்கள். அடித்ததில்லை, திட்டியதில்லை, அந்தக் குறை சொல்ல மாட்டேன். சுவரோடு பேசிப் பழகிக்கொண்டேன், அவ்வளவுதான்.

காலாவோ நான் எதைச் சொன்னாலும் “ஹவ்” என்பார். ஏசி மேல் புறா முட்டை போட்டிருக்கிறது என்றேன். புளிச்சக்கீரை ஆய்ந்தபடியே, “ஹவ்!” என்றார். இங்கிலீஷில் ‘எப்படி’ என்று கேட்கிறாரே! ஒரு பெரியவர், என்னிடம்! எனக்குப் புல்லரித்துவிட்டது. எப்படி என்று பள்ளிக்கூட இந்தியில் விளக்கினேன். அதற்கும் “ஹவ்.” விடுவேனா? வகுப்பில் தனியாகச் சாப்பிடுவது, இடிக்குப் பயப்படுவது, பல் வலிப்பது எல்லாவற்றையும் ஒரு மாதம் விளக்கித் தள்ளினேன்.

பெருமை தாங்காமல் அம்மாவிடம் சொன்னேன். அம்மா சிரித்தாள்.

“அசடு! ஹவ்னா இங்க ஆமான்னு அர்த்தம். சும்மா ஆமா போட்டிருக்காங்க.”

அவமானம் பிடுங்கித் தின்றது. அவரும் அப்படித்தானா? அதன்பின் கீழே போகவே இல்லை.

ஞாயிற்றுக்கிழமை, மூட்டுவலியோடு காலாவே படியேறி வந்தார்.

“பச்சி கைக்கு நை ஆரி?” பிள்ளை ஏன் வருவதில்லை என்று அம்மாவிடம் கேட்டார்.

“படிப்பு” என்று அம்மா சமாளித்தாள். காலா நகரவில்லை. மத்தியானம் கூட உட்கார்ந்து சாப்பிட யாராவது கிடைத்தார்களா? முந்தாநாள் இடி இடித்ததே, பிள்ளை அழுததா? பல்வலி குறைந்ததா? ஒன்று விடாமல் கேட்டார். இத்தனையும் ஒரு பெரியவரின் மண்டைக்குள் இருந்திருக்கிறது!

“எந்தப் பல்?” என்று அம்மா இந்தியில் கேட்டாள். பக்கத்திலேயே நின்ற என்னிடம் இல்லை, காலாவிடம்.

காலா தன் இடது கன்னத்தில், தாடைக்குச் சற்று மேலே, விரலை வைத்துக் காட்டினார். அதே பல்தான்.