அக்கா பாதி விட்ட தட்டு

அக்கா நம்மை விட்டுப் பிரிந்து இந்தத் தை மாதத்தோடு ஓராண்டு நிறைகிறது. படையலுக்கு வந்திருக்கும் உறவினர்களும் காசிமேட்டு நண்பர்களும் இச்சிறு நினைவு மலரைப் பந்தியில் உட்காரும் முன் ஒருமுறையாவது படிக்க வேண்டும் என்று கேட்டுக்கொள்கிறேன். அக்காவின் நற்குணங்கள் உங்களுக்கு என்னைவிட நன்றாகத் தெரியும். ஆனால் அவர் நோயுற்ற முதல் ஆண்டில் இந்த வீட்டில் நடந்ததை உங்களில் பலர் தவறாகவே அறிந்திருக்கிறீர்கள். அந்தத் தவறு என்னிடமிருந்து தொடங்கியது. அதை எழுதித் திருத்துவது என் கடமை.

அக்கா பிறந்தது காசிமேட்டுக்கு வடக்கே ஒரு கடலோரக் குப்பத்தில். எங்கள் வீடு இருந்த இடத்தில் இப்போது கருங்கல் தடுப்பு இருக்கிறது. கடல் ஏறிவந்து முன்வரிசை வீடுகளை எடுத்துக்கொண்டபோது அக்காவுக்குப் பதினான்கு வயது, எனக்கு ஆறு. அம்மா அதற்கு முந்தைய ஆண்டே காலமாகியிருந்தார். அப்பா கடலுக்குப் போய்விட்ட காலைகளில் எனக்குத் தலை வாரி, பட்டன் இல்லாத சட்டைக்கு ஊக்குக் குத்திப் பள்ளிக்கு அனுப்பியவர் அக்காதான். அவர் ஐந்தாம் வகுப்போடு நின்றார். நான் பட்டப்படிப்பு முடித்துத் திருவொற்றியூரில் ஒரு தொழிற்சாலையில் எழுத்தராகச் சேர்ந்தேன். சேர்ந்த வாரத்திலிருந்து நாள் தவறாமல் நாட்குறிப்பு எழுதி வருகிறேன். இக்கட்டுரையில் உள்ள கிழமைகளும் மாதங்களும் அவற்றிலிருந்து எடுத்தவை.

இருபத்திரண்டாம் வயதில் அக்காவுக்குத் திருமணம் நடந்தது. மாமா விசைப்படகு ஓட்டியவர். மகன் பாபுவுக்கு ஒன்பது வயதானபோது அவரை மஞ்சள் காமாலை கொண்டுபோயிற்று. அக்கா அழுது முடித்த பதினேழாம் நாள் மீன்கூடையைத் தூக்கினார். பின்னர் திருவொற்றியூர் மார்க்கெட்டில் முப்பத்தொரு ஆண்டுகள் ஒரே இடத்தில் உட்கார்ந்து விற்றார். பழைய மீனைப் புதிது என்று சொல்லி ஒருநாளும் விற்றதில்லை. ஒருமுறை நான் பக்கத்தில் நின்றிருந்தபோது ஓர் அம்மாள், “இன்னைக்கு வந்த மீனா?” என்று கேட்டார்.

“நேத்து வந்தது. கொழம்புக்கு ஆவும், வறுக்க ஆவாது. வறுக்கணும்னா நாளைக்கு வா” என்றார் அக்கா.

அந்த அம்மாள் மறுநாளும் வந்தார். கடைசிவரை வந்துகொண்டிருந்தார்.

பாபுவுக்கு எண்ணூர்ப் பக்கத்திலிருந்து கோமதியை மணம் முடித்தோம். மாமியாரும் மருமகளும் முதல் ஆறு ஆண்டுகள் ஒற்றுமையாகவே இருந்தார்கள். கோமதி மீன் வறுப்பதில் தேர்ந்தவள். “எம் மருமவ வறுத்தா நான் முள்ளக்கூட விட மாட்டேன்” என்று அக்கா மார்க்கெட்டிலேயே சொல்லிக்கொள்வார். இதை நினைவில் வைத்துக்கொண்டு மேலே படிக்க வேண்டுகிறேன்.

ஐந்தேகால் ஆண்டுகளுக்கு முன், ஐப்பசி மாதத்தில் ஒரு புதன்கிழமை காலை, கூடையை இறக்கும்போது அக்கா சாய்ந்து விழுந்தார். மூளையின் வலப்பக்கத்தில் இரத்தக் குழாய் அடைத்துவிட்டது என்றார்கள். பதினொரு நாள் மருத்துவமனையில் இருந்தார். இடக்கை தளர்ந்திருந்தது. பேச்சு தெளிவாகவே இருந்தது. மார்கழியில் மறுபரிசோதனைக்கு வரச் சொன்னார்கள். அப்போது ஞாபகமும் அறிவும் எப்படி இருக்கின்றன என்று பார்ப்பார்கள் என்றும் சொன்னார்கள்.

அங்கேதான் நான் புகுந்தேன். அக்காவுக்குப் புத்தி கலங்கிவிட்டது என்று யாரும் தாளில் எழுதிவிடக் கூடாது என்பதே என் கவலை. இத்தகைய சோதனையில் என்ன கேட்பார்கள் என்று விசாரித்து ஒரு பக்கம் எழுதினேன். இன்று என்ன கிழமை, என்ன மாதம், இது எந்த ஊர், மூன்று சொற்களைச் சொன்னால் திருப்பிச் சொல்வது என்று வரிசையாக இருந்தது. இரண்டு வாரம் தினமும் காலை ஏழு மணிக்குப் போய்ப் பாடம் நடத்தினேன்.

“இன்னாடா நைனா, காலங்காத்தால வாத்தியாரு வேஷம்?” என்பார் அக்கா.

“சொல்லுக்கா. இன்னிக்கு என்ன கிழமை?”

“நீ வந்து உக்காந்தா எல்லாம் சனிக்கெழமதான்.”

என்றாலும் எனக்காகப் படித்தார். மருத்துவர் முன்னால் கடகடவென்று ஒப்பித்தார். ஒரு படத்தைப் பார்த்து வரைய வேண்டும் என்று தாளை எடுத்த மருத்துவர், “இவ்வளவு தெளிவா இருக்காங்க, இது வேணாம்” என்று திருப்பி வைத்துவிட்டார். அறிவில் குறைவில்லை என்று எழுதிக் கொடுத்தார். அன்றைய என் நாட்குறிப்பில் “வெற்றி” என்று எழுதியிருக்கிறேன். அதை அடிக்காமல் வைத்திருக்கிறேன்.

அதற்குப் பிந்திய ஐந்து மாதங்களைத்தான் உங்களில் பலர் கேள்விப்பட்டீர்கள். அதுவரை கஞ்சி குடித்துவந்த அக்கா, கோமதி போட்ட சோற்றில் பாதியைத் தின்றுவிட்டுப் பாதியை விட்டார். வறுத்த மீனைத் தட்டின் இடது ஓரத்தில் வைப்பது கோமதியின் தாய்வீட்டு வழக்கம். அந்த மீனை அக்கா தொடவே இல்லை. கோமதி பக்கத்தில் நின்று கூப்பிட்டால் சில வேளை முகம் திருப்பாமல் உட்கார்ந்திருந்தார். முப்பத்தொரு ஆண்டு மீன் விற்றவர் மருமகள் வறுத்த மீனை ஒதுக்கினால் அதற்கு என்ன பொருள்? மீனவர் வீட்டில் இதைவிடப் பெரிய அவமானம் கிடையாது.

“மாமா, அத்தைக்கு நான் இன்னா கொற வச்சேன்? மூஞ்சக்கூட பாக்க மாட்டேன்றாங்க” என்று கோமதி என்னிடம் கேட்டாள்.

நான் என்ன சொன்னேன் தெரியுமா? “டாக்டரே மூளையில ஒண்ணும் இல்லைன்னு எழுதிக் கொடுத்திருக்காரும்மா. நோய் வந்தவங்களுக்குக் கொஞ்சம் பிடிவாதம் வரும், பொறுத்துக்க” என்றேன். என் பேச்சின் பொருள் அக்கா வேண்டுமென்றே செய்கிறார் என்பதுதான். பார்க்க வந்த உறவினர்களில் ஒரு சாரார் அக்காவுக்குத் திமிர் என்றார்கள். மறு சாரார் கோமதிதான் வயிற்றுக்குப் போடுவதில்லை, ஆள் பாதியாய் இளைத்துவிட்டார் என்றார்கள். இரண்டாவது பேச்சு மார்க்கெட்டு வரை போனது.

சித்திரையில் மீன்பிடித் தடைக்காலம் தொடங்கிப் படகுகள் கட்டிக் கிடந்தன. பாபு வீட்டில் இருந்தான். வைகாசி முதல் வாரத்தில் ஒருநாள், தடையில்லாத சிறு படகுக்காரரிடம் சொல்லிவைத்து இரண்டு சங்கரா மீன் வாங்கி வந்தான். கோமதி வறுத்துப் பெரியதை அக்காவின் தட்டில் வைத்தாள். அக்கா வெறும் ரசத்தைப் பிசைந்து தின்றுவிட்டு, “இன்னிக்கும் மீனு இல்லியா?” என்று பாபுவைக் கேட்டார்.

மீன் தட்டிலேயே இருந்தது. கோமதி எழுந்து போய்ப் பெட்டியில் துணியை அடுக்கினாள். இரண்டு பிள்ளைகளையும் அழைத்துக்கொண்டு எண்ணூருக்குப் போவதாகச் சொன்னாள். பாபு போனில் என்னைக் கூப்பிட்டான். நான் போய்ச் சேர்ந்தபோது வாசலில் ஆட்டோ நின்றது.

“அத்தைக்கு இன்னொருவாட்டி நல்லா பாருங்க. அதுலயும் ஒண்ணும் இல்லைன்னா நான் போறேன்” என்றாள் கோமதி. அவள் பிடிவாதம் பிடித்திராவிட்டால் நாங்கள் போயிருக்க மாட்டோம்.

இம்முறை, மூளை பாதிக்கப்பட்டவர்களின் நினைவையும் கவனத்தையும் சோதிப்பதற்கென்றே படித்த உளவியலாளர் அம்மையார் ஒருவரிடம் அனுப்பினார்கள். திங்கட்கிழமை வரச் சொன்னார்கள். நான் பழைய தாளைத் தூசு தட்டித் திங்கட்கிழமைக்கு ஏற்றபடி மாற்றி எழுதிப் பாடம் நடத்தினேன். அம்மையார் விடுப்பில் போனதால் சோதனை புதன்கிழமைக்குத் தள்ளிப்போனது.

அக்கா நாற்காலியில் உட்கார்ந்தவுடன், “இன்னிக்கு திங்கக்கெழம, வைகாசி மாசம், இது சென்னை, தேங்கா, பஸ்ஸு, வெளக்கு” என்றார்.

“நான் இன்னும் ஒண்ணுமே கேக்கலையேம்மா” என்றார் அம்மையார்.

“கேப்பீங்கன்னு எந்தம்பி எழுதி வச்சிக்கினு ஒப்பிக்க சொன்னான். அவனுக்கு நாளு கெழம தப்பிப்போச்சின்னா சோறு எறங்காது. பாவம், திட்டாதீங்க.”

அம்மையார் என்னைத் திட்டவில்லை. “சார், இது பரீட்சை இல்ல. தப்பு எங்க வருதுன்னு பாக்கத்தான் இவ்வளவும். நீங்க தப்பையெல்லாம் திருத்திக் கொண்டு வந்தா நான் எதைப் பாக்குறது?” என்றார். பிறகு வெளியே உட்காரச் சொன்னார். கோமதியை மட்டும் அருகே இருக்கச் சொன்னார்.

சோதனை இரண்டே முக்கால் மணி நேரம் நடந்தது. முடிவில் என்னை அழைத்துத் தாள்களைக் காட்டினார். பக்கம் முழுக்கச் சிறு கோடுகள் இருந்தன. எல்லாவற்றையும் குறுக்கே அடிக்கச் சொல்லியிருக்கிறார். அக்கா வலப்பக்கத்துக் கோடுகளை ஒன்று விடாமல் அடித்திருந்தார். இடப்பக்கம் ஒன்றுகூட அடிபடவில்லை. இன்னொரு தாளில் கடிகாரம் வரைந்திருந்தார். பன்னிரண்டு எண்களும் வலது பாதிக்குள் நெருக்கிக் கிடந்தன. வட்டத்தின் இடது பாதி வெறுமையாக இருந்தது.

கண்ணில் குறை இல்லை, அறிவிலும் பெரிய குறை இல்லை என்று அம்மையார் விளக்கினார். அடைப்பு ஏற்பட்ட இடத்தின் காரணமாக, இடப்பக்கம் என்று ஒன்று இருப்பதையே அக்காவின் மூளை கவனிப்பதில்லை. கவனிக்கவில்லை என்பதும் அவருக்குத் தெரியாது. கிழமையும் ஊரும் கேட்கும் கேள்விகளில் இது பிடிபடாது, வரையச் சொன்னால்தான் தெரியும் என்றார். நான் தலை குனிந்து நின்றேன்.

பிறகு கோமதியிடம், “சாப்பிடுறப்ப தட்டுல ஒரு பக்கத்தை விட்டுடுறாங்களா?” என்று கேட்டார்.

கோமதி தாளின் அடிபடாத பக்கத்தில் விரலை வைத்தாள். “மீன் வைக்கிற பக்கம்” என்றாள்.

மதியச் சாப்பாடு கொண்டுபோயிருந்தோம். வெளி மரத்தடி பெஞ்சில் தட்டு வைத்தாள். அக்கா வழக்கம்போல் வலது பாதியைத் தின்று கை கழுவப் பார்த்தார். கோமதி தட்டைப் பிடித்து அரைவட்டம் திருப்பினாள்.

அக்கா மீனைப் பார்த்தார். “அடிப்பாவி, இவ்ளோ நேரம் எங்க ஒளிச்சி வச்சிருந்த?” என்றார்.

கோமதிக்குச் சிரிப்பு வந்தது, கூடவே அழுகையும் வந்தது. அக்கா எதையும் கவனிக்காமல் முள்ளை எடுத்துக்கொண்டிருந்தார். “உப்பு கொஞ்சம் தூக்கலா கீது. பரவால்ல” என்றார். ஐந்து மாதத்துக்குப் பிறகு மருமகளின் மீனைப் பற்றி அவர் சொன்ன முதல் வார்த்தை அது. சோதனை முடிந்ததும் எண்ணூருக்குப் போகவென்று கோமதி சொல்லிவைத்திருந்த ஆட்டோக்காரரை, வேறு சவாரி போகச் சொல்லி பாபு போன் செய்தான்.

அதன் பிறகு அக்கா மூன்று ஆண்டு எட்டு மாதம் நிறைவாக வாழ்ந்தார். தட்டின் இடது விளிம்பில் சிவப்பு நாடா ஒட்டினோம். சிவப்பு தெரியும்வரை தலையைத் திருப்ப வேண்டும் என்று பழகினார். மெல்ல மெல்லக் கவனம் கொஞ்சம் திரும்பியது, முழுவதும் திரும்பவில்லை. மார்க்கெட்டுக்கும் போனார். மீன் வெட்ட முடியாததால் கருவாடு மட்டும் விற்றார். இடப்பக்கம் வந்து நிற்பவர்கள் கோபித்துக்கொண்டு போவதைப் பார்த்த சக மீன்காரி எல்லம்மா, வரிசையின் கடைசியில் தான் பல ஆண்டுகளாக உட்கார்ந்த இடத்தை விட்டுக்கொடுத்தார். அங்கே இடப்பக்கம் சுவர். வருகிறவர்கள் எல்லாரும் வலப்பக்கமாகத்தான் வர முடியும். “எனக்கு ரெண்டு பக்கமும் நல்லா தெரியுது. நான் எங்க வேணாலும் குந்துவேன், நீ செவுத்தோரம் குந்து” என்றாராம்.

சென்ற ஆண்டு தை மாதத்தில், காய்ச்சலில் நான்கு நாள் படுத்திருந்து, அறுபத்தெட்டாம் வயதில் அக்கா அமைதியாகக் கண் மூடினார். அந்த நான்கு நாளும் கோமதி அவருடைய வலப்பக்கத்திலேயே உட்கார்ந்திருந்தாள்.

பொறுமையோடு சோதித்து எங்களுக்கு உண்மையைச் சொன்ன அம்மையாருக்கும், தளர்ந்த இடக்கையைப் பழக்கிய பயிற்சியாளருக்கும், இடம் கொடுத்த எல்லம்மாவுக்கும், இறுதிப் பயணத்தில் தோள் கொடுத்த படகுத் தொழிலாளர்களுக்கும் எங்கள் குடும்பத்தின் நன்றி உரியது.

கோமதிக்கு நான் தனியே நன்றி சொல்லிவிட்டேன். அது போதாது. அந்த ஐந்து மாதங்களில் அவளைப் பற்றிப் பேசியவர்கள் சிலர் இன்னும் அவளோடு முகம் கொடுத்துப் பேசுவதில்லை. இன்று மதியம் உங்கள் இலையில் பரிமாறப்போகிறவள் அவள்தான். சாப்பிட்டு எழும்போது, நன்றாக இருந்தது என்று அவளிடம் ஒரு வார்த்தை சொல்லிவிட்டுப் போங்கள்.

அன்புடன்,
தம்பி