பெரியப்பா பெயரில் ஒரு நம்பர்

ஞாயிற்றுக்கிழமை காலை எட்டு மணி பத்து நிமிடம். நேரம் இவ்வளவு சரியாக நினைவிருக்கக் காரணம், எட்டேகால் பஸ்ஸைப் பிடிக்கச் சொல்லி வாசலில் நின்று மகளை விரட்டிக்கொண்டிருந்ததே நான்தான்.

நாங்கள் இருப்பது தெமோதரைப் பக்கம் ஒரு தோட்டத்தில். நான் தோட்டப் பாடசாலையில் சின்னப் பிள்ளைகளுக்குப் படிப்பிக்கிறேன். கணவருக்குத் தேயிலை ஃபெக்டரியில் வேலை. மகளுக்குப் பதினாலு வயது. பேச ஆரம்பித்த நாளிலிருந்தே அவளுக்குத் திக்கல் உண்டு. ஞாயிற்றுக்கிழமைகளில் பதுளைக்கு டியூஷன் போவாள்.

அன்று செருப்பை மாட்டிக்கொண்டே அவள் திரும்பி, "அம்மா, ஃபோ... ஃபோன்ல... சி... சி..." என்று ஆரம்பித்தாள்.

"சின்னக் கீறல்கூட விழாம பாத்துக்கிறேன். ஓடு, பஸ் போயிரும்!" என்று நானே முடித்துவைத்தேன்.

அவள் வாயைத் திறந்தாள், மூடினாள், ஓடிவிட்டாள்.

முந்தைய நாள்தான் அவளுக்குப் புது ஃபோன் வாங்கியிருந்தோம். பழையது பெட்டரி வீங்கி, மூடி பிதுங்கிக் கிடந்தது. அதிலிருக்கும் படங்கள், நம்பர்கள் எல்லாவற்றையும் புதியதற்கு மாற்றித் தருவதாக நான் பொறுப்பெடுத்திருந்தேன். படித்தவள்தானே, இதற்குக் கடைக்காரனிடம் எதற்குப் போக வேண்டும் என்ற எண்ணம். ஒவ்வொன்றாக மாற்றினேன். பிறகு பழைய ஃபோனில் இருந்ததையெல்லாம் அழித்து வெறுமையாக்கினேன். கடைசியாக அதன் சிம்மை வெளியே எடுத்தேன்.

அந்த சிம் என் கணவரின் அண்ணன் பெயரில் இருந்தது. அதை எடுத்த காலத்தில் என் கணவருக்கு அடையாள அட்டை கிடைத்திருக்கவில்லை. பிறப்புச் சான்றிதழில் அவருடைய அப்பா பெயர் ஒரு மாதிரி, பள்ளிக்கூடச் சான்றிதழில் இன்னொரு மாதிரி. அதைத் திருத்த வருடக்கணக்காக அலைந்தார். அதுவரைக்கும் என்று அண்ணன் தன் அட்டையைக் கொடுத்து எடுத்துத் தந்த நம்பர் அது. பிறகு கணவர் தன் பெயரில் வேறு நம்பர் எடுத்துக்கொண்டார், இது மகளின் ஃபோனுக்கு வந்தது. தோட்டத்தில் எத்தனையோ வீடுகளில் இப்படித்தான். நம்பர் ஒருவர் கையில் இருக்கும், பெயர் வேறொருவருடையதாக இருக்கும்.

அந்த மனிதரோடு எனக்கு மூன்று வருடமாகப் பேச்சில்லை. பசறைப் பக்கம் தனியார் பஸ்ஸில் கண்டக்டர். யாரைப் பார்த்தாலும் அவர்களைப் போலவே பேசிக் காட்டிச் சிரிக்க வைப்பார். மகளின் சடங்கன்று, பட்டுப்பாவாடையோடு அவர் காலில் விழுந்து எழுந்தவள் "பெ... பெ... பெரியப்பா" என்றாள். "பெ... பெ... பெட்ரோல் தீந்துபோச்சா பாப்பா?" என்றார் அவர். பந்தலே சிரித்தது. பிள்ளை அன்று முழுவதும் வாய் திறக்கவில்லை. அத்தனை பேர் முன்னாலும் நான் அவரைக் கிழித்துத் தொங்கவிட்டேன். "டீச்சருக்கு ரொம்பத்தான் கோவம் வருது" என்று அதையும் பகிடியாக்கிவிட்டுப் போனார். அதோடு முடிந்தது.

ஆகவே, புது ஃபோனுக்கு என் சொந்தப் பெயரில் புது சிம் எடுத்திருந்தேன். பழையதைக் கையில் வைத்துப் பார்த்தபோது, இந்த ஆளின் பெயர் இனியும் எதற்கு என் வீட்டில் என்று தோன்றியது. பள்ளிக்கூடத்தில் காகிதப்பூ வெட்டுகிற கத்தரிக்கோல் மேசையில் கிடந்தது. சிம்மை இரண்டாக வெட்டினேன். மனசுக்குள் ஒரு குளிர்ச்சிகூட வந்தது என்பதை மறைக்க விரும்பவில்லை.

பகல் ஒரு மணிக்கு மகள் வந்தாள். பையைக்கூடக் கழற்றாமல் புது ஃபோனில் அவளுடைய விளையாட்டை இறக்கினாள். அது நம்பரைக் கேட்டது. பழைய நம்பரைப் போட்டாள். அந்த நம்பருக்கு ஆறு இலக்கம் அனுப்பியிருக்கிறோம், அதைப் போட்டால்தான் பழைய ஆட்டம் திறக்கும் என்றது. அவள் சிம்மைத் தேடினாள். நான் குப்பைக்கூடையைக் காட்டினேன்.

இந்த விளையாட்டைப் பற்றிச் சொல்ல வேண்டும். ஆளுக்கொரு ஊரில் இருக்கும் ஐந்து பிள்ளைகள் ஒரு குழுவாகச் சேர்ந்து விளையாடுவது. என் மகள்தான் தலைவி. இரண்டு வருடமாக விளையாடி எத்தனையோ படி ஏறியிருந்தாள். எனக்கு ஆரம்பத்தில் அது பிடிக்கவே இல்லை. ஒரு நாள் பின்னேரம் அவள் அறைக்கு வெளியே துணி மடித்துக்கொண்டிருந்தேன். உள்ளே ஒரு பெண் சத்தமாக, "எடது பக்கம் போகாத! அந்தச் செவத்துக்குப் பின்னாடி ஒளிஞ்சுக்க, நான் சொன்னப்புறம் வா!" என்று கட்டளை போட்டுக்கொண்டிருந்தாள். யார் இந்தப் பெண் என்று எட்டிப் பார்த்தால், என் மகள். ஒரு எழுத்தில்கூட நிற்கவில்லை. மடித்த துணியை முகத்தில் வைத்துக்கொண்டு அழுதேன். அதற்குப் பிறகு அந்த விளையாட்டை நான் திட்டியதில்லை.

அதைத்தான் வெட்டிப் போட்டிருந்தேன்.

இதெல்லாம் தெரிந்தும் அன்று என் வாயிலிருந்து வந்தது என்ன தெரியுமா? "ஒரு வெளையாட்டுக்கா இந்த மூஞ்சி? மொதல்ல இருந்து ஆடு!" குற்றம் என் மேல் இருந்ததால் சத்தமும் என்னுடையதாக இருந்தது. அவள் ஏதோ சொல்ல முயன்றாள். உதடு துடித்தது, கழுத்து நரம்பு புடைத்தது, ஒரு எழுத்தும் வரவில்லை. அறைக்குள் போய்விட்டாள்.

அதோடு பேச்சை நிறுத்தினாள். திங்கள் இல்லை, செவ்வாய் இல்லை. சாப்பிடக் கூப்பிட்டால் வருவாள், தலையாட்டுவாள், போவாள். புதன்கிழமை அவளுடைய வகுப்பாசிரியை எனக்கு அழைத்தார். "டாப்புல பேரு கூப்பிட்டா கையத் தூக்குறா, வாயத் தொறக்க மாட்டேங்குறா. வீட்ல ஏதும் பிரச்சினையா டீச்சர்?" மற்றப் பிள்ளைகளின் தாய்மாரிடம் நான் கேட்கிற அதே கேள்வி.

எனக்கு எல்லோர் மேலும் கோபம். விளையாட்டுக் கம்பனிக்கு ஆங்கிலத்தில் மூன்று கடிதம் எழுதினேன். மூன்றுக்கும் ஒரே பதில்: 'அன்புள்ள வீரரே, உங்கள் பதிவு செய்த நம்பரைச் சரிபாருங்கள்.' நான் வீரரா? என் கையில் கிடைத்தால் தெரியும்!

வியாழக்கிழமை லீவு போட்டு, பதுளையில் அந்த நம்பரைக் கொடுத்த கம்பனியின் கிளைக்குப் போனேன். அதே நம்பரில் வேறு சிம் தருவார்களாம். ஆனால் கௌண்டரில் இருந்த சிங்களப் பிள்ளை தமிழைத் தேடித் தேடிச் சொன்னாள்: "மிஸ், ஓனர் வரணும். ஐடென்டிட்டி கார்டோட. ஓனர் இல்லாம ஏலாது."

"பதினஞ்சு வருசமா அந்த நம்பர் எங்க வீட்லதான் இருக்கு. நாங்கதான் ஓனர்!"

"பேரு வேற ஆள் மிஸ்."

நான் கத்தினேன். வரிசையில் நின்றவர்கள் திரும்பிப் பார்த்தார்கள். அந்தப் பிள்ளை சட்டத்தைத்தான் சொன்னாள் என்று தெரிந்தே கத்தினேன்.

வீட்டுக்கு வந்ததும் கணவர் மெதுவாக, "அண்ணன்கிட்ட ஒரு வார்த்த கேட்டா என்ன?" என்றார்.

"அந்த ஆள்கிட்ட போய் நின்னீங்கன்னா, நான் எங்கம்மா வீட்டுக்குப் போயிருவேன்!"

"ஒங்கம்மா செத்துப் பத்து வருசமாச்சே."

சிரிக்க வேண்டிய இடம். சிரிக்கவில்லை. என் பிள்ளையைக் கேலி செய்தவனிடம் என் பிள்ளைக்காகப் போய் நிற்பதா என்று கேட்டேன். அவர் தேத்தண்ணிக் கோப்பையை எடுத்துக்கொண்டு வெளியே போய்விட்டார்.

சனிக்கிழமை பின்னேரம் அவளுடைய குழுவுக்கு ஒரு போட்டி இருந்தது. தலைவி வராவிட்டால் வேறொருத்தி தலைவி. மகளின் நோட்டில் அந்தத் தேதியைச் சுற்றிச் சிவப்பு வட்டம் போட்டிருந்ததைப் பார்த்தேன். பழைய பெட்டி ஒன்றில் கணவரின் அண்ணனுடைய அடையாள அட்டைப் பிரதி கிடைத்தது. அதையும், கணவரிடம் எழுதி வாங்கிய கடிதத்தையும் எடுத்துக்கொண்டு சனிக்கிழமை காலை மகளோடு மறுபடி பதுளைக்குப் போனேன்.

அதே பிள்ளை. அதே பதில். பிரதி செல்லாது, கடிதம் செல்லாது.

இந்த முறை கத்தக்கூடத் தெம்பில்லை. பிளாஸ்டிக் நாற்காலியில் மகளுக்குப் பக்கத்தில் உட்கார்ந்தேன். "எந்திரி, போவோம்" என்றேன். அவள் எழும்பவில்லை. வாசலையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

பத்து மணியிருக்கும். கண்ணாடிக் கதவைத் தள்ளிக்கொண்டு கணவரின் அண்ணன் வந்தார். காக்கிச் சட்டை, கையில் மடக்கிய குடை. என்னைப் பார்த்துத் தலையை மட்டும் ஆட்டினார். நேரே கௌண்டருக்குப் போய், அட்டையை எடுத்து வைத்து, அந்தப் பிள்ளையோடு சிங்களத்தில் கலகலவென்று பேசினார். அவள் சிரித்தாள். எனக்கு இரண்டு தடவை வந்தும் திறக்காத கதவு அவருக்கு ஐந்து நிமிடத்தில் திறந்தது. கணவர்தான் எனக்குத் தெரியாமல் கூப்பிட்டிருக்கிறார் என்று நினைத்தேன். உடம்பெல்லாம் எரிந்தது.

சிம் வேலை செய்ய அரை மணி நேரமாகும் என்றார்கள். வெளியே பெஞ்சில் மூவரும் உட்கார்ந்தோம். மகள் நடுவில். ஃபோன் அதிர்ந்தது. அந்த ஆறு இலக்கம். மகள் ஒவ்வொன்றாக வாய்விட்டு வாசித்துக்கொண்டே அழுத்தினாள். ஆறு நாளுக்குப் பிறகு நான் கேட்ட அவள் குரல். நான்காவது இலக்கத்தில் நின்றது. "ஏ... ஏ..." எனக்கு எதிரே திரையில் அது தெரிகிறது. 'ஏழு' என்று என் நாக்கு நுனிவரை வந்துவிட்டது. அந்தப் பக்கம் அவர் தன் குடைக்கம்பியையே பார்த்தபடி அசையாமல் இருந்தார். நானும் வாயை மூடிக்கொண்டேன்.

"ஏழு" என்றாள்.

திரையில் அவளுடைய இரண்டு வருடமும் திரும்பி வந்தது. தன் குழுவுக்குச் செய்தி சொல்ல அவள் நாலடி தள்ளிப் போனாள். நான் அவரிடம் திரும்பி, "ஒங்க தம்பி கூப்பிட்டாரா?" என்றேன். மூன்று வருடத்தில் நான் அவரோடு பேசிய முதல் வார்த்தை அது, அதுவும் சண்டைக்காகத்தான்.

"தம்பி இல்ல டீச்சர், பாப்பாதான். நேத்துப் பின்னேரம். தம்பி நம்பரேன்னு எடுத்தேன், சத்தமே இல்ல. அப்புறம் 'பெ... பெ...'ன்னுச்சு. யாருன்னு வெளங்கிருச்சு. நான் பஸ்ஸுல வேலையில நிக்கிறேன். மேல வளைவு வருது. பஸ்ஸு அதுல திரும்பினா சிக்னல் இல்லாம லைன் கட்டாயிரும். கட்டானா புள்ள மறுபடி மொதல்ல இருந்து சொல்லணுமே? மணியடிச்சு எறங்கிட்டேன். பஸ்ஸு போயிருச்சு. மழையில நின்னு கேட்டேன், எல்லாத்தையும் சொல்லி முடிக்கிற வரைக்கும்."

மன்னிப்பு என்ற சொல்லை அவர் அன்றும் சொல்லவில்லை. நானும் நன்றி சொல்லவில்லை. வீட்டுக்குத் திரும்பும் பஸ்ஸில்தான் எனக்கு உறைத்தது: ஞாயிற்றுக்கிழமை காலை எட்டு மணி பத்து நிமிடத்துக்கு மகள் சொல்ல வந்தது 'சின்னக் கீறல்' இல்லை, 'சிம்'. ஒரே ஒரு எழுத்து மிச்சமிருந்தது. அதற்குக்கூட நான் நிற்கவில்லை. அவர் அவளை ஒரு நாள் கேலி செய்தார். நான் பதினாலு வருடமாக அவள் வாயிலிருந்து சொற்களைப் பிடுங்கிக்கொண்டிருந்திருக்கிறேன்.

இப்போதும் அவள் ஒரு சொல்லில் நின்றால் என் நாக்கு துடிக்கிறது; பல்லைக் கடித்துக்கொண்டு காத்திருக்கிறேன், வளைவுக்கு முன்னே பஸ்ஸை விட்டுவிட்டு இறங்கிய அந்த மனிதர் மேல் இன்னும் கொஞ்சம் கோபத்தோடும், என் மேல் தீராத கோபத்தோடும்.