பந்தைப் பற்றி யாரும் சொல்லவில்லை

சவூதியில், ஜுபைல் லேபர் கேம்ப்பில் வெள்ளிக்கிழமை சாயங்காலம் மணலில் கோடு கிழித்துக் கபடி ஆடுவோம். நான் கார்னர். பாடி வருகிறவனின் கணுக்காலைப் பிடித்தால் விசில் கேட்கும்வரை விடமாட்டேன். உடும்புப்பிடி என்பார்கள். ஒருநாள் வேலியோரம் நின்று பார்த்த எங்கள் ப்ளான்ட்டின் அமெரிக்க இன்ஜினியர், அடுத்த வாரமே என்னை வண்டியில் ஏற்றித் தங்கள் குடியிருப்புக் காம்பவுண்டுக்குக் கூட்டிப்போனார்.

அங்கே அமெரிக்கன் ஃபுட்பால். பேர்தான் ஃபுட்பால், காலுக்குப் பெரிய வேலை கிடையாது. நீள்உருண்டைப் பந்தைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு ஒருவன் ஓடுவான். எதிரணி அவனை மடக்கிச் சாய்க்க வேண்டும். மடக்குகிற வேலை எனக்கு. யாரோ கழித்துப்போட்ட ஹெல்மெட்டைத் தந்தார்கள்.

அந்தக் குளிர்காலம் முழுக்கப் போனேன். என்னைவிட ஒன்றரை மடங்கு கனமுள்ளவர்கள் வந்து மோதினார்கள். மறுநாள் கையைத் தூக்க முடியாமல் சாரம் ஏறினேன். தம்மாம் அணியோடு நடக்கும் மேட்ச்சில் இறக்குவதாக இன்ஜினியர் சொல்லியிருந்தார். எனக்கு அது வேண்டும். ஊரில் மாவட்ட அணிவரை ஆடியவன் நான். இங்கே சாரம் கட்டுகிறவன் என்பதோடு என் கதை முடியக் கூடாது.

மேட்ச் அன்று கடைசிவரை ஓரத்தில்தான் உட்கார்ந்திருந்தேன். ஒருவனுக்குக் கால் பிசகியது. வேறு ஆளில்லாமல் என்னை இறக்கினார்கள். பந்தோடு ஒரு மலை வந்தது. பாய்ந்து கணுக்காலைப் பிடித்தேன். அவன் சாய்வதற்குள் பந்து நழுவி உருண்டது. நான் பிடியை விடவில்லை. பந்து என் கைக்கெட்டும் தூரத்தில்தான் கிடந்தது. அவர்களில் இன்னொருவன் அதைப் பொறுக்கிக்கொண்டு ஓடிக் கோட்டைத் தாண்டினான். தோற்றோம்.

"பந்து! பந்து!" என்று இன்ஜினியர் ஆங்கிலத்தில் என் முகத்துக்கு நேராகக் கத்தினார். பிறகு வண்டி வரவில்லை.

ரூமில் என் ஊர்க்காரன் கேட்டான். "ஆளப் புடிச்சியா, இல்லியால?"

"புடிச்சேன்."

"அப்புறம் என்னத்துக்கு ஏசுதான்?"

கபடியில் பந்து ஏது? ஆள்தான் எல்லாம். நழுவிய பந்து எடுப்பவனுக்குச் சொந்தம் என்று ஒரு வாய் சொல்லியிருக்கலாம். ஒரு தடவையாவது அதைத் தொடவிட்டிருக்கலாம். சொல்லமாட்டார்கள். அவர்களுக்கு மோதிப் பழக ஒரு உடம்பு வேண்டியிருந்தது, அவ்வளவுதான். மணல்மூட்டைக்கு யாராவது ஆட்டம் சொல்லிக்கொடுப்பார்களா?

அடுத்த குளிருக்கு வண்டி மறுபடி வந்து நின்றது. எதுவும் நடக்காததுபோல் இன்ஜினியர் சிரித்தார். ஏறினேன். எதற்கு ஏறுகிறேன் என்று எனக்குத் தெரியும்.

முதல் மோதலிலேயே ஓடியவனின் கையில் தோளால் இடித்தேன். பந்து தெறித்தது. இந்த முறை ஆளை விட்டுவிட்டேன். பந்தின்மேல் குப்புற விழுந்து நெஞ்சோடு இறுக்கினேன். நாலு பேர் மேலே விழுந்து பிடுங்கினார்கள். விசில் ஊதினார்கள். விடவில்லை. மறுபடி ஊதினார்கள். "பந்து! பந்து!" என்று அதே குரல், இப்போது பந்தை விடச் சொல்லிக் கத்தியது.

எழுந்து பந்தோடு இன்ஜினியரிடம் போனேன். "மேட்ச்ல நான் உண்டா?" என்று எனக்குத் தெரிந்த இங்கிலீஷில் கேட்டேன்.

"ப்ராக்டிஸ் ஃபர்ஸ்ட்" என்று தோளில் தட்டினார்.

ஹெல்மெட்டைக் கழற்றி அவர் கையில் கொடுத்தேன்.

"கலாஸ்" என்றேன், முடிந்தது என்று அரபியில். பந்தைக் கொடுக்கவில்லை. கேட்வரை நடந்து, அங்கிருந்து மைதானத்தைப் பார்த்து ஓங்கி உதைத்தேன். எட்டு மாதமாக அதை உதைக்கத்தான் காத்திருந்தேன்.