ராமிரோவுக்குக் குரல் கொடுத்தவர்

ராமிரோ ஸ்பெயினில் மூன்று படங்களில் நடித்தவன். முதல் படத்தில் கதாநாயகியின் தம்பி, இரண்டாவதில் திருடன், மூன்றாவதில் பிணம். அதற்குப் பிறகு அங்கே அவனை ஒருவரும் கூப்பிடவில்லை. 2013இல் பாரிசுக்கு வந்து, கார் து நோர் ரயில் நிலையத்துக்குப் பக்கத்தில் ஒரு ரெஸ்ரோறண்டில் கோப்பை கழுவினான். அங்கே சமையல் யோகநாதன்.

யோகநாதனும் லேசுப்பட்டவர் இல்லை. தமிழ்க் கடைத்தெருவான லா சப்பலில் எடுக்கிற குறும்படங்களில் அப்பா, மாமா, வட்டிக்காரன் என்று எது வந்தாலும் அவர்தான். சாமான் வாங்கப் போனால், "என்ன அண்ணை, அடுத்த படம் எப்ப?" என்று கடைக்காரர்கள் கேட்பார்கள். அந்தக் கேள்விக்காகவே தேவையில்லாமல் கறிவேப்பிலை வாங்கியிருக்கிறார்.

படம் எடுக்கிற துஷ்யந்தன் ஒருநாள், பொலிஸ்காரனாக நிற்க ஒரு வெள்ளைக்காரன் வேண்டும் என்றான். யோகநாதன்தான் ராமிரோவைக் கூட்டிப்போனார். வேலியில் போன ஓணானைப் பிடித்து மடியில் விட்ட கதை. கமராவுக்குள்ளால் அவனைப் பார்த்த துஷ்யந்தன் கதையையே மாற்றிவிட்டான். பொலிஸ்காரன் தமிழ் வீட்டு மருமகன் ஆனான். மாமனாராகப் படம் முழுக்க வரவிருந்த யோகநாதன் இரண்டு காட்சியோடு செத்துப்போனார்.

அதோடு விட்டிருந்தாலும் பரவாயில்லை. ராமிரோவுக்குத் தெரிந்த தமிழ் "ஓம்" மட்டும்தான். மருமகனோ பக்கம் பக்கமாகத் தமிழ் பேச வேண்டும்.

"குரல் நீங்கள்தான் அண்ணை. உங்களை விட்டால் ஆர் இருக்கினம்?" என்று துஷ்யந்தன் குழைந்தான்.

பெருமையில் தலையாட்டிவிட்டார். ஓல்னேயில் துஷ்யந்தன் வீட்டு அறையில், யன்னலுக்குப் போர்வை கட்டி, மைக்குக்கு முன்னால் நின்றபோதுதான் விசயம் விளங்கியது. திரையில் அவன் வாய் திறக்கும்போது இவர் திறக்க வேண்டும். அவன் அழுதால் இவர் மூக்கை உறிஞ்ச வேண்டும்.

லா கூர்னெவில் ஒரு மண்டபத்தில் படம் காட்டினார்கள். முடிந்ததும் சனம் ராமிரோவைச் சுற்றி நின்றது. தமிழை எங்கே படித்தான் என்று ஒரு அம்மா கேட்டார். அவன் யோகநாதனைக் காட்டி, குரல் இவருடையது என்று பிரெஞ்சில் சொன்னான். ஆர் கேட்டது? தன்னடக்கம் என்று அதற்கும் கைதட்டினார்கள்.

ரயிலில் வரும்போது யோகநாதன் மனைவி கோசலையின் முகத்தையே பார்த்துக்கொண்டு வந்தார். அவள் வாய் திறந்தாள்.

"உங்கடை குரல் அவருக்குத்தான் வடிவாய்ப் பொருந்துது."



அடுத்த படத்திலும் ராமிரோவே நாயகன். குரல் கேட்டுத் துஷ்யந்தன் வந்தான். தொண்டை சரியில்லை என்றார் யோகநாதன். கிழமைக்குக் கிழமை வந்து கேட்டான். தொண்டை சரியாகவே இல்லை. கடைசியில் சந்துரு என்ற சென்னைப் பொடியனைப் பேசவைத்தார்கள். ராமிரோ வாயில் சென்னைத் தமிழ் வர, போட்டுப் பார்த்தவர்கள் விழுந்து விழுந்து சிரித்தார்கள். அதுவோ அழுகைப் படம். அப்படியே நின்றுபோனது.

இதற்குள் ராமிரோ, தொண்டைக்கு நல்லது என்று சுடுதண்ணீரில் தேனும் எலுமிச்சையும் கலந்து, வேலைக்கு வரும்போதெல்லாம் போத்தலில் கொண்டுவந்து கொடுத்தான். யோகநாதன் குடித்தார். தேன் நல்ல தேன். இப்போது எப்படி என்று கேட்பான். இன்னும் நோகிறது என்பார். அவன் ஒரு நாளாவது சந்தேகப்பட்டுச் சண்டை பிடித்திருந்தால் இவருக்கு ஆறுதலாக இருந்திருக்கும். அதிலும் அவனே நல்லவனாகப் போனான்.

கூப்பிட ஆளில்லாமல் ராமிரோ ஊருக்குத் திரும்பினான். இரண்டு நாட்டிலும் சேர்த்து நாலரைப் படம். அவ்வளவுதான் அவனுடைய சினிமா.

பிறகு யோகநாதனுக்கே நாயகன் வேடம் வந்தது. புதுச் சட்டை போட்டுக்கொண்டு தெருவில் கமராவுக்கு முன்னால் போய் நின்றார். துஷ்யந்தன் கமராவுக்குள்ளால் கனநேரம் பார்த்தான். பிறகு தலையை நிமிர்த்தினான்.

"அண்ணை, குறை நினையாதேங்கோ. ராமிரோ நிக்கிறமாதிரி கொஞ்சம் நில்லுங்கோ."

அவன் எப்படி நிற்பான் என்று யோகநாதனைவிட ஆருக்குத் தெரியும்? ஒரு தோளைச் சரித்து, கையைப் பின்னுக்குக் கட்டிக்கொண்டு நின்றார்.