சத்தமே இல்லாத வண்டி

மாமனார் எங்களுக்கு வாங்கிக் கொடுத்த காரைப் பற்றிச் சொந்தக்காரர்களிடம் அவர் சொல்லிக்கொண்ட பெருமை ஒன்றே ஒன்றுதான். "சத்தமே இல்லாத வண்டிங்க. எஞ்சின் ஓடுதா இல்லியான்னு தொட்டுப் பாத்தாத்தானுங்க தெரியும்." இதில் பொய் எதுவும் இல்லை. அவருக்குத் தொட்டுப் பார்த்தால்தான் தெரியும்.

பல்லடத்தில் பாதி ஆயுளை விசைத்தறியோடு கழித்தவர் அவர். தறிக்கூடத்தை ஒட்டியே வீடு. கல்யாணமான புதிதில் நான் அங்கே போனபோது, சமையல்கட்டில் என்னை வைத்துப் பெரிய சண்டை நடக்கிறது என்று நினைத்துச் செருப்பைத் தேடினேன். மாப்பிள்ளைக்குக் காப்பியில் சர்க்கரை எவ்வளவு என்றுதான் பேசிக்கொண்டிருந்திருக்கிறார்கள். அந்த வீட்டில் கொஞ்சுவதும் திட்டுவதும் ஒரே குரல். தறி ஓடும்போது வேறு எப்படிப் பேசுவது? அதனால் மாமனாரின் காது எப்போது போனது என்று யாருக்கும் தெரியாமலே போய்விட்டது. எல்லோரும் கத்தினார்கள், அவரும் பதில் சொல்லிக்கொண்டிருந்தார்.

பிறகு தறிகளை விற்றார். கூடம் கோழித்தீவனக் குடோன் ஆயிற்று. வீட்டில் சத்தம் நின்றது, எல்லோருடைய குரலும் தானாகவே இறங்கியது. அவர் பேச்சும் நின்றுபோனது. கோபமோ வருத்தமோ எதையும் காட்டவில்லை. நாற்காலியில் உட்கார்ந்து, பேசுகிறவர்களைப் பார்த்துச் சிரிப்பார், தலையாட்டுவார். சில சமயம் பேச்சு முடிந்த பிறகும் ஆட்டிக்கொண்டிருப்பார். சொந்தக்காரர் ஒருவர் நல்லெண்ணத்தில் காதுக்கு மாட்டும் மிஷினைப் பற்றி எடுத்துச் சொன்னார். "ஏனுங்க, என்னையச் செவிடன்னு சொல்றீங்களா?" என்று கேட்டுவிட்டு எழுந்த மாமனார், அதன்பின் அவர் வீட்டு விசேஷத்துக்குக்கூடப் போகவில்லை. அன்றிலிருந்து அந்த வீட்டில் காது என்ற சொல்லைத் தோடு வாங்கும்போது மட்டும்தான் உச்சரித்தார்கள்.

தறி விற்ற கையோடு மகளுக்கு அவர் செய்த சீர்தான் இந்தக் கார். பழைய கார்தான். ஆனால் அவரே நேரில் போய், உடுமலை ரோட்டில் தானே ஓட்டிப் பார்த்து, காதால் கேட்டுத் திருப்திப்பட்டு வாங்கியது.

முதல் நாளே அது கூவியது. மெதுவாகப் போனால் ஒன்றும் தெரியாது. கொஞ்சம் வேகம் பிடித்ததும் சன்னமாக ஒரு முனகல் ஆரம்பிக்கும். இன்னும் அழுத்தினால் காருக்கு அடியில் யாரோ தறி போட்டதுபோல ஊம் என்று ஒரே இரைச்சல். பக்கத்தில் இருப்பவரிடம் பேசுவதற்கே தொண்டையைத் திறக்க வேண்டும். நானும் மனைவியும் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டோம். சீராக வந்த பொருளில் குறை சொல்வது எங்கள் பக்கத்து வழக்கம் இல்லை. சீர்ப் பாத்திரத்தில் ஓட்டை இருந்தால் சத்தம் போடாமல் பரணில் ஏற்றிவிடுவார்கள். காரைப் பரணில் ஏற்ற முடியாததுதான் சிக்கல்.

இத்தனைக்கும் குறை கண்டுபிடிப்பதுதான் என் பிழைப்பு. அப்போது நான் ஒரு ஏற்றுமதி பனியன் கம்பெனியில் செக்கிங் பிரிவைப் பார்த்துக்கொண்டிருந்தேன். தையல் விட்ட இடம், எண்ணெய்க் கறை, நூல் அறுந்த ஓட்டை என்று பார்த்துப் பார்த்துச் சிவப்பு அம்புக்குறி ஸ்டிக்கர் ஒட்டுவது வேலை. கடல் தாண்டி இருக்கும் ஒரு குழந்தையின் அக்குளில் ஒரு தையல் நழுவினாலும் எனக்குப் பொறுக்காது. சாயங்காலம் அந்தக் காரில் ஏறியதும் மட்டும் நான் எதையும் பொறுத்துக்கொள்ளும் மனிதனாகிவிடுவேன்.

பொறுத்துக்கொண்டதற்கு இன்னொரு காரணமும் இருந்தது. ஞாயிற்றுக்கிழமைகளில் மாமனாரைக் கணியூரில் இருக்கும் அவருடைய அக்கா வீட்டுக்குக் கூட்டிப் போவோம். அவர் முன் சீட்டில், என் மனைவி பின் சீட்டில். பல்லடத்து வீட்டில் பொம்மைபோல உட்கார்ந்திருக்கும் மனிதர், கார் வேகம் பிடித்ததும் பேச ஆரம்பிப்பார். எந்த மில்லை யார் கட்டினார், யார் அதைக் கவிழ்த்தார், எந்தத் தோப்பில் தென்னைக்கு நோய் வந்தது என்று மடத்துக்குளம் வரை வாய் ஓயாது. பின்னாலிருந்து மகள் கத்திக் கேட்பாள், இவர் கத்திப் பதில் சொல்வார், இருவரும் கத்திச் சிரிப்பார்கள். அதைப் பார்க்க எனக்கும் பிடித்திருந்தது.

"வாரம் பூராவும் பேசாதத இந்த வண்டியில ஏறுனாத்தானுங்க பேசறாரு" என்பாள் மனைவி. "அவரு வாங்கிக் குடுத்த வண்டிங்கற சந்தோசம். நீங்க இதப் பத்தி ஒரு வார்த்த சொல்லீறாதீங்க. அப்பறம் ஏறவே மாட்டாரு. பேச்சும் போயிருமுங்க."

ஆகவே எங்கள் வீட்டில் ஒரு சட்டம் உருவானது. கார் சத்தம் போடவில்லை. அது சத்தம் போடுவதை நாங்கள் மூவருமே கேட்கவில்லை. எங்கள் மூவரில் உண்மையானவர் ஒருவர்தான்.

ஸ்டியரிங் கையில் நடுங்க ஆரம்பித்தபோதுதான் எனக்குப் பயம் வந்தது. மனைவியிடம்கூடச் சொல்லாமல் மெக்கானிக்கிடம் போனேன். தூத்துக்குடிப் பக்கத்துக்காரர். பனியன் கம்பெனியில் வேலை செய்ய வந்து, பிடிக்காமல் ஸ்பானரைப் பிடித்தவர். எங்கள் ஊரில் பாதிப் பேரைப்போல ஏற்றுமதியில் கழித்துவிட்ட டீ சர்ட்தான் போட்டிருந்தார். அவர் முகத்தைப் பார்க்கும் முன் நான் அவருடைய இடது தோளில் இழுத்துக்கொண்டிருந்த தையலைப் பார்த்தேன். அவர் என் முகத்தைப் பார்க்கும் முன் காரின் டயரைப் பார்த்தார். இரண்டு பேருக்கும் திருப்தி இல்லை.

"ஓட்டிப் பாத்தாத்தான் அண்ணாச்சி சொல்ல முடியும்" என்று ஏறிக்கொண்டார். சத்தத்தைக் கேட்க வேண்டுமானால் சத்தமில்லாத ரோடு வேண்டும். எங்கள் சீமையில் அப்படி ஒன்றைத் தேடிப் போனது அன்றைய தினத்தின் முக்கால் வேலை. ஒரு ரோட்டில் இரண்டு பக்கமும் தறி. இன்னொன்றில் தனியார் பஸ்கள் ஒன்றை ஒன்று முந்திக்கொண்டு ஹாரன் அடித்துத் தள்ளின. கடைசியில் ஒரு கோழிப்பண்ணையை ஒட்டிய ரோடு கிடைத்தது. கோழிகள் கொஞ்சம் அனுசரணையாக நடந்துகொண்டன.

வேகமாகப் போய் கியரை நியூட்ரலில் தள்ளினார். எஞ்சின் அடங்கியது, கூவல் அடங்கவில்லை. "அப்பம் எஞ்சின் இல்ல" என்றார். ரோடு வழவழவென்று மாறிய இடத்திலும் சத்தம் மாறவில்லை. "டயரும் இல்ல." பிறகு ஸ்டியரிங்கை இடது பக்கம் லேசாக ஒடித்தார். கூவல் கூடியது. வலது பக்கம் ஒடித்தார். குறைந்தது. "சக்கரத்துல பேரிங் போயிட்டு அண்ணாச்சி. இடது பக்கம்." எனக்கும் அதுதான் சரி என்று பட்டது. இடது பக்கம் திரும்பும்போது கத்தினால் இடது பக்கத்துக்குத்தானே வலிக்கிறது.

பட்டறைக்கு வந்து இடது முன்சக்கரத்தை ஜாக்கியில் தூக்கிச் சுற்றிப் பார்த்தார். வெண்ணெய்போலச் சுற்றியது. மேலும் கீழும் பிடித்து ஆட்டினார். துளியும் அசைவில்லை. சிரிக்கும் கரடி அச்சிட்ட ரோஸ் நிறப் பனியன் வேஸ்ட் துணியில் கையைத் துடைத்துக்கொண்டு கொஞ்ச நேரம் கரடியையே பார்த்தார். "இடது பக்கம் ஒடிச்சா பாரம் வலது பக்கம்லா சாயும். நான் மொதல்லயே வலதுன்னுதான் நெனச்சேன்" என்றார். நானும் அப்படித்தான் நினைத்ததாகச் சொன்னேன். இந்த விஷயத்தில் எங்களுக்குள் அதன்பின் கருத்து வேறுபாடே வரவில்லை.

வலது சக்கரம் ஆட்டியதும் டக் டக்கென்றது. மெல்லச் சுழலவிட்டு, உள்ளே இருந்த ஸ்பிரிங்கின் மேல் என் உள்ளங்கையை வைக்கச் சொன்னார். மணலை மெல்லுவதுபோல ஒரு நறநறப்பு கைக்கு ஏறியது. "இப்படியே ஓட்டிக்கிட்டிருந்தா ஒருநா சக்கரம் ஒரு பக்கம் போவும், நீங்க ஒரு பக்கம் போவிய" என்றார் சாதாரணமாக.

வீட்டில் சொன்னேன். "மாத்தீருங்க" என்றாள் மனைவி. "ஆனா அப்பாவுக்குத் தெரிய வேண்டாமுங்க." ஒருவருக்குக் கேட்காத சத்தத்தை, அவருக்குத் தெரியாமல் நிறுத்தும் ரகசியத் திட்டம் இப்படித்தான் உருவானது.

மறுநாள் கம்பெனிக்கு லீவு போட்டுவிட்டுப் பட்டறையில் நின்றேன். சக்கரத்தைக் கழற்றி, பிரேக்கை ஒதுக்கி, நடுவில் இறுகிக் கிடந்த பெரிய நட்டை அவர் மேலே ஏறி நின்று விடுவித்தார். பேரிங் உட்கார்ந்திருந்த பாகத்தை முழுதாகப் பெயர்த்து லேத் பட்டறைக்கு எடுத்துப் போனோம். சுத்தியலால் தட்டி ஏற்றினால் புதுசும் அன்றைக்கே போய்விடுமாம், பிரஸ்ஸில் வைத்து அழுத்தித்தான் ஏற்ற வேண்டுமாம். வெளியே வந்த பழைய பேரிங்கின் உள்வட்டம் அம்மை போட்ட முகம்போல இருந்தது. பழக்க தோஷத்தில் சட்டைப்பையில் இருந்த சிவப்பு அம்புக்குறி ஒன்றை எடுத்து அதன்மேல் ஒட்டினேன். மெக்கானிக் என்னை ஒரு மாதிரியாகப் பார்த்தார்.

திரும்பி வரும்போது அந்தக் கார் போன போக்கை என்னவென்று சொல்வேன். பின் சீட்டுக்கு அடியில் தண்ணீர் பாட்டில் உருளும் சத்தம் கேட்டது. என் கைக்கடிகாரச் சங்கிலி ஸ்டியரிங்கில் உரசுவது கேட்டது. எனக்கு அப்படி ஒரு பெருமை. யாரிடமாவது சொல்ல வேண்டும்போல இருந்தது, சொல்லத்தான் ஆளில்லை. மாமனார் சொன்ன சத்தமே இல்லாத வண்டி ஒருவழியாக வந்து சேர்ந்துவிட்டது.

ஞாயிற்றுக்கிழமை பல்லடத்தில் அவரை ஏற்றிக்கொண்டு கிளம்பினோம். "மாத்தர போட்டீங்களாப்பா?" என்று மனைவி பின்னாலிருந்து கேட்டாள். இரைச்சல் இல்லாததால் அவள் குரலும் வீட்டில் பேசும் குரலாகவே இருந்தது. அதை அவளும் கவனிக்கவில்லை, நானும் கவனிக்கவில்லை. அவர் ரோட்டைப் பார்த்துக்கொண்டிருந்தார். நூல் விலை ஏறிவிட்டதாமே என்று நான் கேட்டேன். திரும்பிச் சிரித்துத் தலையாட்டினார்.

"அத்தைக்கு என்ன வாங்கிட்டுப் போலாமுங்கப்பா?" என்றாள் மனைவி.

"ஆமாங் கண்ணு" என்றார்.

கண்ணாடியில் அவள் முகத்தைப் பார்த்தேன். அவளும் என்னைத்தான் பார்த்தாள். உடுமலை தாண்டும்வரை காரில் யாரும் பேசவில்லை. ஏசியின் மெல்லிய காற்றோட்டம் மட்டும் கேட்டது. எவ்வளவு ஆசைப்பட்டு வாங்கிய அமைதி. பல்லடத்து நாற்காலியில் உட்கார்ந்திருக்கும் அதே மனிதர், அதே சிரிப்போடு என் பக்கத்தில் உட்கார்ந்திருந்தார்.

திடீரென்று அவர்தான் பின்னால் திரும்பினார். "ஏங்கண்ணு, ரெண்டு பேருத்துக்கும் ஏதாச்சும் சண்டையா? ஒண்ணுமே பேச மாட்டேங்கறீங்க."

இந்தக் காரில் மட்டும் அவர் ஏன் பேசினார் என்று அப்போதுதான் எனக்கு உறைத்தது. சீர் கொடுத்த பெருமையும் இல்லை, ஒரு மண்ணும் இல்லை. இந்தக் காரில் மட்டும்தான் நாங்கள் அவரிடம் கத்தினோம். அவருக்காகக் கத்தவில்லை, சத்தத்துக்காகக் கத்தினோம், அதனால் அவருக்கும் அதில் மானக்கேடு இல்லை. அவருக்கு மிஞ்சியிருந்த ஒரே தறிக்கூடத்தை நான் லீவு போட்டுப் போய்க் கழற்றி எறிந்துவிட்டு வந்திருந்தேன். இப்போது இந்த அமைதியில் கத்தினால் அது அவர் காதுக்காகக் கத்துவது. அவருக்கு அது புரிந்துவிடும்.

ஏசியை அணைத்தேன். என் பக்கத்துக் கண்ணாடியைக் கடைசிவரை சுற்றி இறக்கினேன். பின்னால் மனைவி இரண்டு பக்கக் கண்ணாடியையும் இறக்கினாள். காற்றும் புழுதியும் ஊவென்று உள்ளே புகுந்தன. எதிரே வந்த பஸ் ஒன்று தன் பங்குக்கு ஹாரனை அலறவிட்டது.

"சண்டையெல்லாம் இல்லீங்கப்பா" என்று முழுத் தொண்டையில் கத்தினாள் மனைவி. "அத்தைக்கு என்ன வாங்கிட்டுப் போலாமுன்னு கேட்டனுங்க."

"அவளுக்கு என்னத்த வாங்கறது? எதக் குடுத்தாலும் நொட்டை சொல்லுவா" என்று அவரும் கத்தினார். அக்காவின் வாயைப் பற்றி ஆரம்பித்த பேச்சு, அவர் அப்பாவின் கிணறு, கிணற்றுக்காக நடந்த கேஸ் என்று மடத்துக்குளம் வரை போனது.

கணியூரில் இறங்கியபோது மூன்று பேர் தலையும் மண் மூட்டையாக இருந்தது. "ஏந்தம்பி, வண்டியில ஏசி இருக்குதுன்னியே, இப்படிப் புழுதியில குளிச்சுட்டு வந்திருக்கறீங்க" என்று அக்கா மோரைக் கொடுத்துக்கொண்டே உரக்கக் கேட்டார். அவர் வீட்டில் மாவு மிஷின் ஓடிக்கொண்டிருந்தது.

"அதெல்லாம் இருக்குதுக்கா. சத்தமே இல்லாத வண்டி" என்றார் மாமனார். இந்தத் தடவை அது உண்மையாகவும் இருந்தது.

சாயங்காலம் திரும்பக் கிளம்பினோம். மனைவி பின்னால் ஏறிக் கதவைச் சாத்தினாள். நான் சாவியை எடுத்துப் போடும் முன்பே, மாமனார் சீட்டில் சாய்ந்து உட்கார்ந்து, என் பக்கம் பார்க்காமல், தன் பக்கத்துக் கண்ணாடியைச் சுற்றிச் சுற்றி அடிவரைக்கும் இறக்கிக்கொண்டார்.

"ஏசி வேண்டாமுங்க மாப்ள" என்றார்.