சின்னம்மாவுக்குக் கல் கேட்டது

"உனக்கெதுக்குடி அந்தக் கதை? படுத்திருக்கறவ கம்முனு படு. நெஞ்சு மேல கல்ல வெச்சுக்கிட்டு, எதுக்குச் சிரிச்சே எதுக்குச் சிரிச்சேன்னு நோண்டிக்கிட்டே இருக்கறே. கல்லு உருண்டு உழுந்துதுன்னா மறுக்கா மொதல்ல இருந்து படுக்கோணும்னு நீதான சொன்னே?"

இப்படித்தான் என் பேத்தியை அதட்டினேன். அவள் சேலத்தில் விடுதியில் தங்கிப் படிக்கிறாள். விடுமுறைக்கு வந்த இடத்தில் கூரியர்காரர் அவள் பெயருக்கு ஒரு சின்னப் பெட்டியைக் கொடுத்துவிட்டுப் போனார். பெட்டிக்குள் வெல்வெட்டுப் பை, பைக்குள் கோழிமுட்டை அளவுக்கு ஒரு பச்சைக் கல், கூடவே ஒரு துண்டுச் சீட்டு. கல்லுக்குப் பெயர் செர்பன்டைனாம். அதை நெஞ்சின் மேல் வைத்துக்கொண்டு கண்ணை மூடிப் படுத்தால் மனக்குழப்பமெல்லாம் வடிந்துவிடுமாம். கல்லைப் பற்றியே படிக்கிற தோழி ஒருத்தி அவளுக்கு உண்டு. பூமிக்கு அடியில் கிடக்கிற பாறை தண்ணீரைக் குடித்துக் குடித்துத்தான் இப்படிப் பச்சையாகிறது என்று அந்தத் தோழி சொன்னாளாம். கல்லுக்காவது தண்ணீர் கிடைத்ததே என்று நினைத்துக்கொண்டேன். அதை உடைத்துக்கொண்டிருந்த எங்களுக்கு ஒரு குடம் தண்ணீருக்கு அரை மைல் நடை.

கல்லைப் பார்த்ததும் எனக்குத் தெரிந்துவிட்டது; சிரித்துவிட்டேன். மெருகேற்றி, பொட்டு வைத்துக் கல்யாணத்துக்குக் கிளப்பின மாதிரி இருந்தாலும், எங்கள் மேட்டுக் குப்பைக்கல் அது. குழப்பத்தைத் தீர்க்கும் என்று அவள் ஆசையாக வாங்கியிருக்கிறாள். எட்டு வயதில் எனக்கு அந்தக் கல்லால் வந்த குழப்பம் மாதிரி அதற்குப் பிறகு வந்ததே இல்லை.

எங்கள் வீடு அப்போது கொண்டப்பநாயக்கன்பட்டிக்குப் பக்கத்தில், வெள்ளைக்கல் தோண்டுகிற மேட்டின் ஓரமாக இருந்தது. குழியில் வெடி வைத்துப் பெயர்த்த பாறை மேலே வரும். அதற்குள் வெள்ளைக்கல் நரம்பு நரம்பாக ஓடியிருக்கும்; சுற்றிலும் பச்சை. பெண்கள் சுத்தியலால் தட்டித் தட்டிப் பச்சையைக் கழித்துவிட்டு வெள்ளையைக் கூடையில் சேர்க்க வேண்டும். வெள்ளை சூளைக்குப் போகும், பச்சை குப்பைமேட்டுக்குப் போகும். என் அம்மாவும் அவளுடைய தங்கையான சின்னம்மாவும் எதிரெதிரே உட்கார்ந்து ஒரே குவியலைத் தட்டுவார்கள். சுத்தியல் விரலில் பட்டுவிட்டால் குப்பையிலிருந்து வழவழப்பான பச்சைக்கல் ஒன்றை எடுத்து வீக்கத்தின் மேல் அழுத்திக்கொள்வார்கள். சில்லென்று இருக்கும். எங்களுக்குத் தெரிந்த கல் வைத்தியம் அவ்வளவுதான். கண்ணை மூடிப் படுக்க மேஸ்திரி விட்டால்தானே.

நாமக்கல், திருச்செங்கோட்டுப் பக்கமெல்லாம் ஒரு சம்பந்தம் கூடுமா கூடாதா என்று சாமியிடம் பூக் கேட்பார்கள். வெள்ளைப் பூவையும் சிவப்புப் பூவையும் தனித்தனியாக இலையில் மடித்து வைத்து, ஒரு குழந்தையை விட்டு ஒன்றை எடுக்கச் சொல்வார்கள். வெள்ளை வந்தால் சரி, சிவப்பு வந்தால் வேண்டாம். எங்கள் மேட்டில் அதற்கு வழியில்லை. சூளைத் தூள் படிந்து படிந்து எந்தச் செடியில் எது பூத்தாலும் வெள்ளைதான். செம்பருத்திகூட விபூதி பூசிக்கொண்டு நிற்கும். எதைக் கேட்டாலும் அம்மன் சரி என்றே சொல்லும் என்றால் அப்புறம் எதற்குக் கேட்பது? அதனால் எங்கள் ஆட்கள் பூவுக்குப் பதிலாகக் கல்லை வைத்தார்கள். வெள்ளைக்கல் வந்தால் சரி, பச்சைக்கல் வந்தால் வேண்டாம். ஆனால் எது வந்தால் சரி என்பதைக் கேட்கிறவர் வாய்விட்டுச் சொல்லக் கூடாது. மனதில் நினைத்துக்கொள்ள வேண்டும். எல்லோருக்கும் தெரிந்ததைச் சொல்லுவானேன் என்று யாரும் சொன்னதும் இல்லை.

அந்த வருடம் சின்னம்மாவைப் பரமத்தி வேலூரிலிருந்து பெண் பார்க்க வந்தார்கள். வெற்றிலைக் கொடிக்கால் வைத்திருந்த குடும்பம். மாப்பிள்ளை வாயே திறக்கவில்லை. அவர் பங்கையும் சேர்த்து அவருடைய அம்மாவே பேசினார். சின்னம்மாவின் தோளையும் கையையும் நன்றாகப் பார்த்துவிட்டு அந்த அம்மாள் கேட்டது ஒரே கேள்வி.

"ஏனம்மணி, கொடிக்காலுக்குக் கொடத்துலதான் தண்ணி ஊத்தோணும். ஒரு நாளைக்கு எத்தன நடை தாங்குவே?"

"பழகிக்கலாமுங்க" என்று சின்னம்மா தலையைக் குனிந்துகொண்டு சொன்னாள். அவர்கள் போனதும் முறத்தைத் தூக்கிச் சுவரில் அடித்தாள்.

அம்மாவுக்கு இந்தச் சம்பந்தம் முடிந்தே ஆக வேண்டும். அப்பா போர்வெல் ரிக்கோடு வடக்கே போய் ஆறு மாதமாகியிருந்தது. தாய் தகப்பன் இல்லாத தங்கையை இந்தத் தூசியிலிருந்து எடுத்து எங்காவது ஒரு நிழலில் வைத்துவிட வேண்டும் என்பதுதான் அம்மாவுக்கு இருந்த ஒரே நினைப்பு.

"கொடிக்காலுக்குள்ள போனா வெய்யலே தெரியாதாம்டி. எனக்கெல்லாம் அப்பிடி ஒரு எடம் வந்திருந்தா..."

"அப்பிடீன்னா நீயே போக்கா. அந்தம்மாளுக்கு மருமவ வேண்டாம், தண்ணி எறைக்கற ஏத்தம்தான் வேணும். தோளத்தான் பாத்துது, மூஞ்சியப் பாக்கவே இல்ல."

"மூஞ்சியப் பாத்திருந்தா அப்பவே எந்திரிச்சுப் போயிருக்கும், போடி."

இருவரும் இரண்டு நாள் பேசிக்கொள்ளவில்லை. குவியலுக்கு இந்தப் பக்கம் ஒரு சுத்தியல், அந்தப் பக்கம் ஒரு சுத்தியல். கடைசியில், அம்மனிடமே கேட்டுவிடுவோம் என்று அம்மா சொன்னாள். அம்மன் சொன்னால் நான் கேட்கிறேன் என்று சின்னம்மாவும் ஒப்புக்கொண்டாள். அவள் அவ்வளவு சீக்கிரம் ஒப்புக்கொண்டபோதே அம்மா யோசித்திருக்க வேண்டும்.

கல்லை எடுக்கிற குழந்தையாக என்னை வைத்தார்கள். அந்த ஞாயிற்றுக்கிழமை காலையில் எனக்குத் தலை பின்னிவிட்டுக்கொண்டே சின்னம்மா காதருகில் குனிந்தாள்.

"பச்சைய எடுத்துக் குடுத்துரு சாமி. உனக்குத்தான் கையில வாங்குனாலே தெரியுமே."

தெரியும்தான். ஒரே அளவில் இரண்டையும் எடுத்துக்கொண்டால் வெள்ளைக்கல் கொஞ்சம் கனம், பச்சைக்கல் கொஞ்சம் லேசு. வாழ்நாளெல்லாம் அதைத் தட்டுகிற கைகளுக்குத்தான் அந்தக் கொஞ்சம் தெரியும். மேட்டுக் குழந்தைகள் நாங்கள் கண்ணைக் கட்டிக்கொண்டு கல்லைக் கையில் வாங்கி, எது என்று சொல்லி விளையாடுவோம். அதில் நான் ஒரு தடவைகூடத் தோற்றதில்லை. பள்ளிக்கூடத்தில் மூன்றாம் வகுப்பு எனக்குப் பெரிய மலை. இந்தப் படிப்பில் மட்டும் நான்தான் முதல்.

போகிற வழியில் அம்மா என் கையைப் பிடித்துக்கொண்டு, "அம்மன் எதக் குடுன்னு சொல்லுதோ அதக் குடு" என்றாள்.

"எப்பிடிம்மா சொல்லும்?"

"காதுல சொல்லும். பேசாம வா."

இங்கேதான் எனக்குக் குழப்பம் ஆரம்பித்தது. காதில் சின்னம்மா ஏற்கெனவே சொல்லிவிட்டாள். இனிமேல் அம்மன் வேறு எதையாவது சொன்னால் யார் பேச்சைக் கேட்பது?

அம்மன் வேப்பமரத்தடியில் இருந்தது. வேலை நாட்களில் வெடி வைப்பதற்கு முன்னால் விசில் ஊதுகிறவர்தான் பூசாரி. எலுமிச்சம்பழ அளவில் வெள்ளை ஒன்று, பச்சை ஒன்று என்று கழுவி வைத்திருந்தார். வேலூர் அம்மாள் ஒரு கட்டு வெற்றிலையை அவிழ்த்தார்.

"எங்க வெத்தலையிலயே மடிங்க. உங்கூரு அம்மனும் ஒரு நல்ல வெத்தலையக் கண்ணுல பாக்கட்டும்."

வெற்றிலையில் மடித்து, வாழை நாரில் கட்டி, கைக்கு ஒன்றாக என்னிடம் கொடுத்தார்கள். அம்மனை மூன்று தடவை சுற்றிவந்து ஒன்றைப் பூசாரியிடம் கொடுக்க வேண்டும். வாங்கின உடனேயே எனக்குத் தெரிந்துவிட்டது. வலது கையில் வெள்ளை, இடது கையில் பச்சை. இருந்தாலும் அம்மனுக்கும் ஒரு வாய்ப்புக் கொடுக்க வேண்டுமே என்று மெதுவாக நடந்தேன். முதல் சுற்றில் ஒன்றும் கேட்கவில்லை. இரண்டாம் சுற்றில் பூசாரி இருமினார். அது கணக்கில் வருமா என்று தெரியவில்லை. மூன்றாம் சுற்றில் மரத்துக்குப் பின்னால் கொஞ்சம் நின்றேன். "நடடி" என்று அம்மாவின் குரல்தான் கேட்டது. இடது கையை நீட்டிவிட்டேன்.

பூசாரி நாரை அவிழ்த்தார். பச்சை.

எங்கள் ஆட்கள் ஒரு பெருமூச்சு விட்டார்கள். அம்மாவின் முகம் செத்துப்போயிற்று. சின்னம்மா சேலை முந்தானையால் வாயை மூடிக்கொண்டாள். அந்தச் சமயத்தில்தான் வேலூர் அம்மாள் இரண்டு கையையும் தலைக்கு மேல் தூக்கிக் கும்பிட்டார்.

"பச்சை வந்துருச்சு! என்ற தாயே! கல்யாணத்துக்கு நாள் பாருங்க!"

பூசாரி மெதுவாக, "இல்லீங்கம்மா, பச்சைன்னா வேண்டாமுங்க" என்றார்.

"யாரு சொன்னது? செகப்பு வந்தாத்தான வேண்டாம்? இங்க செகப்பே இல்லியே! பச்சைன்னா வெள்ளாமை, பச்சைன்னா வெத்தல. வெத்தலைக்கே வேண்டாம்னு சொல்ற அம்மன எந்த ஊர்ல கண்டீங்க?"

"எங்கூர்ல எப்பவும் அப்பிடித்தானுங்க."

"அத முன்னாடியே சொல்லியிருக்கோணும். எங்க வெத்தலையில மடிச்சுப்போட்டு இப்ப வந்து வேண்டாம்ங்கறதா?"

பெரியவர்கள் எல்லோரும் ஒரே நேரத்தில் பேசினார்கள். நான் சின்னம்மாவைப் பார்த்தேன். அவளுக்கு முகம் வெளுத்திருந்தது. அவள் சொன்னதைத்தான் செய்தேன். இப்போது அதனாலேயே அவளை வேலூருக்கு அனுப்பிவிடுவார்கள் போலிருந்தது. வெள்ளையைக் கொடுத்திருந்தாலும் அனுப்பியிருப்பார்கள். அப்படியானால் நான் எதைத்தான் கொடுத்திருக்க வேண்டும்?

பூசாரி கடைசியில், வெடிக்கு விசில் ஊதும்போது செய்கிற மாதிரி கையை உயர்த்தினார். "கேட்டவங்க மனசுல என்ன நெனச்சாங்களோ அதுதான் தீர்ப்பு. கேட்டது இந்தப் புள்ளையோட அம்மா. அம்மன் முன்னால கற்பூரத்தத் தொட்டுச் சொல்லட்டும்."

எல்லோரும் அம்மா பக்கம் திரும்பினார்கள். வேலூர் அம்மாள் குரலைத் தேனாக்கிக்கொண்டு, "பச்சைன்னுதான நெனச்சே அம்மணி? உன்ற மனசு எனக்குத் தெரியாதா? சொல்லீரு" என்றார். அம்மா ஆமாம் என்று ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் போதும். அவள் மாதக்கணக்காக ஏங்கிக்கொண்டிருந்த வார்த்தை அது.

அம்மா பூசாரி கையிலிருந்த பச்சைக்கல்லை வாங்கினாள். என் வலது கையில் இன்னும் மடிப்புப் பிரிக்காமல் இருந்ததையும் வாங்கினாள். இரண்டையும் இரண்டு உள்ளங்கையில் வைத்துக் கனம் பார்க்கிற மாதிரி ஏற்றி இறக்கினாள். பிறகு என்னைப் பார்த்தாள். நான் என் கால் கட்டைவிரலைப் பார்த்தேன். நிமிர்ந்தபோது அவள் சின்னம்மாவைப் பார்த்துக்கொண்டிருந்தாள். சின்னம்மா வேப்பமரத்தை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு நின்றாள்.

அம்மா கற்பூரத்தட்டில் கை வைத்தாள்.

"வெள்ளையத்தானுங்க நெனச்சேன். பச்சைன்னா வேண்டாம்னுதான் கேட்டனுங்க."

வேலூர் அம்மாள் மிச்ச வெற்றிலையை எண்ணாமல்கூட அள்ளிப் பையில் திணித்தார். மாப்பிள்ளை பஸ்ஸைப் பார்க்கப் போய்விட்டார். நாலடி நடந்த அம்மாள் திரும்பி வந்து அம்மாவின் கையிலிருந்த பச்சைக்கல்லை எடுத்துக்கொண்டார்.

"பொண்ணு இல்லாட்டிப் போவுது. இது சில்லுனு இருக்குது. மொழங்கால் வலிக்கு வெச்சுக்கறேன்."

அன்று வீட்டில் என்னை அடிப்பார்கள் என்று காத்திருந்தேன். யாரும் அடிக்கவில்லை. சின்னம்மா சந்தோஷமாக இருப்பாள் என்று நினைத்தேன். அவள் அடுப்படியில் உட்கார்ந்து ஓவென்று அழுதாள். அம்மா கோபமாக இருப்பாள் என்று நினைத்தேன். அவள் சின்னம்மாவுக்கு முதலில் சோறு போட்டு, "தின்னுட்டு அழு. நாளைக்குக் கூடை தூக்கோணும்" என்றாள். எனக்கு ஒன்றும் விளங்கவில்லை. தட்டில் எனக்கும் ஒரு வெல்லக்கட்டி இருந்தது. அது எதற்கு என்றும் விளங்கவில்லை.

மறுநாள் தண்ணீர் பிடிக்கிற இடத்தில் அக்கம்பக்கத்துப் பெண்கள் எங்களைச் சூழ்ந்துகொண்டார்கள். அதில் ஒருத்தி என் மோவாயைப் பிடித்து ஆட்டினாள்.

"ஏனுங்கக்கா, உங்க புள்ளதான் கண்ணக் கட்டுனாலும் கல்லக் கரெக்டாச் சொல்லுமே? இதுகிட்டப் போயி..." என்று இழுத்தாள். மற்றவர்கள் குடத்தைக் கீழே வைத்தார்கள்.

எனக்குப் பெருமை தாங்கவில்லை. வாயைத் திறந்தேன். அம்மா என் தொடையில் ஒரு கிள்ளு கிள்ளினாள், கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது. அம்மன் முன்னால் நான் செய்த திருட்டைப் பற்றி அவள் என்னை ஒரு வார்த்தை கேட்கவில்லை. செய்யாத திருட்டைத்தான் அந்தத் தெரு முழுக்க, வீடு வீடாக, மாதக்கணக்கில் சொல்லிக்கொண்டு திரிந்தாள். அதற்கப்புறம் மேட்டுக் குழந்தைகள் யாரும் அந்த விளையாட்டுக்கு என்னைச் சேர்க்கவில்லை. பெற்ற தாயே என் பெயரை இப்படிக் கெடுக்கிறாளே என்று குப்பைமேட்டுக்குப் பின்னால் உட்கார்ந்து எத்தனையோ நாள் அழுதிருக்கிறேன்.

அன்று அவள் குடத்தை இடுப்பில் ஏற்றிக்கொண்டு, எல்லோருக்கும் கேட்கிற மாதிரி சிரித்தாள்.

"அய்யோ, இதுக்கா தெரியும்? எது கனம், எது லேசுன்னு கேட்டா இன்னைக்கும் முழிக்குதுங்க. வெளையாட்டுல செயிச்சதெல்லாம் துணிச் சந்துல எட்டிப் பாத்துச் செயிச்சதுங்க. திருட்டுக் கழுதை!"