நான் திருப்பாத பஸ்

எங்கள் தேயிலைத் தோட்டத்துக் கோயில் கமிட்டி வருஷத்துக்கு ஒரு தடவை பஸ் பிடித்து ஆட்களை எங்கேயாவது கூட்டிக்கொண்டு போகும். போன வருஷம் கதிர்காமத்து முருகன் கோயில். விடியுமுன் புறப்பட்டு, வழியில் பழைய புத்த விகாரை, வளவ்வ என்கிற பழைய ஜமீன் வீடு, தாதுகோபம் எல்லாம் பார்த்து, மாலைப் பூஜை முடித்துத் திரும்புவதாகத் திட்டம். பஸ்காரர் பஸ்ஸோடு ஒரு வழிகாட்டியையும் அனுப்பினார். படித்த சிங்கள மனிதர், நல்ல பேச்சு. தமிழ் மட்டும் நாலு வார்த்தைக்கு மேல் வராது. அதனால் கமிட்டித் தலைவர் என்னைப் பிடித்துக்கொண்டார்.

"நீதான் நாடெல்லாம் சுத்துனவனாச்சே. வழிகாட்டி மாத்தயா சொல்றத நம்ம ஆளுங்களுக்கு நீ சொல்லு. ஒனக்கு சீட்டு சும்மா."

சுற்றினவன்தான். ஏழாம் வகுப்பு பாதியில் ஸ்கூலை விட்டேன். அதற்குப் பிறகு பலாங்கொடையில் பேக்கரி, நிவித்திகலயில் மாணிக்கக் குழி, எம்பிலிப்பிட்டிய சந்தையில் மூட்டை, அம்பாந்தோட்டையில் உப்பு. ஓர் இடத்தில் ஒரு வருஷம் இருந்தால் கால் அரிக்கும். சிங்களம் இப்படிச் சுற்றியதில் வந்தது. கல்யாணம் ஆகவில்லை. சட்டை கிழிந்தாலோ காய்ச்சல் வந்தாலோ ஓப்பநாயக்க பக்கத்துத் தோட்டத்தில் அக்காவின் லயத்து வீட்டுக்கு வந்து சேர்வேன். அவள் ஒரு தட்டை எடுத்து வைப்பாள். அவளுக்கு நான் இதுவரை ஒன்றும் செய்ததில்லை.

அக்கா கொழுந்து பறிக்கிறவள். புருஷன் இல்லை. ஒரே மகன். அவனைக் குழி வேலைக்கு முதலில் கூட்டிப் போனவன் நான்தான். நான் விட்டுவிட்டேன், அவன் விடவில்லை. இடுப்பளவு சேற்றுத் தண்ணீரில் நாள் முழுக்க நிற்கிற வேலை. பயணத்துக்கு ஒரு வாரம் முன் அவனுக்கு எலிக்காய்ச்சல் வந்தது. இரத்தினபுரி ஆஸ்பத்திரியில் சேர்த்தோம். முதல் மூன்று நாள் பயமாக இருந்தது. பிறகு காய்ச்சல் இறங்கியது, கஞ்சி குடித்தான், பேசினான்.

அவன் எழும்பினால் கதிர்காமத்துக்குப் பழத்தட்டு எடுக்கிறேன் என்று அக்கா வேண்டியிருந்தாள். ஆனாலும் பயணத்துக்கு முந்தின நாள், வரவில்லை என்றாள். அனுப்பி வைத்தது அவன்தான்.

"இங்க நின்னு என்னத்தப் பண்ணப்போற? உள்ள விடவும் மாட்டாங்க. போயி சாமியப் பாரும்மா. நான் எங்க ஓடிறப் போறேன்?"

அவன் பெண்டாட்டி பிள்ளைத்தாச்சி. அவளும், அவனோடு குழியில் வேலை செய்கிற ஒரு தோழனும் ஆஸ்பத்திரியில் நின்றார்கள். அந்தத் தோழனும் என்னை மாமா என்றுதான் கூப்பிடுவான். அக்காவிடம் போன் கிடையாது. என் நம்பரைத்தான் அவனிடம் கொடுத்துவிட்டு வந்தோம்.

முதலில் சங்கபால விகாரை. பாறைக்குக் கீழே குகை, ஈரமான படிகள். ஒரு சிங்கள ராசாவின் படையில் சங்கு ஊதிய பெரிய வீரன் சண்டை முடிந்து துறவியாகி இங்கே இருந்ததாக வழிகாட்டி சொன்னார். எந்தச் சண்டை என்ற இடம் வந்ததும் எங்களைப் பார்த்துக் கொஞ்சம் தயங்கினார். நானும் அதை விட்டுவிட்டுச் சொன்னேன். ஆனால் எங்கள் லயத்துக் கிழவர் ஒருவர் விடுவதாக இல்லை.

"யாரோட சண்டை?"

"நம்மளோடதான்."

"யாரு ஜெயிச்சா?"

"ஜெயிச்சிருந்தா நாம ஏன் மாமா கொழுந்து பறிக்கிறோம்?"

பஸ்ஸே சிரித்தது. வழிகாட்டி என்ன என்று கேட்டார். சங்குக் கதை எல்லாருக்கும் பிடித்துவிட்டது என்றேன்.

அடுத்தது எம்பிலிப்பிட்டியவுக்குப் பக்கத்தில் மடுவன்வெல வளவ்வ. அந்தக் காலத்து நிலச் சொந்தக்காரர் ஒருவரின் பெரிய வீடு. பாதி இடிந்து, மீதி நிற்கிறது. முற்றத்துக்குள் முற்றம், அறைக்குள் அறை. ஓரிடத்தில் தரையில் காசு பதித்திருந்ததாகவும், அதில் இருந்த வெள்ளைக்கார ராணி தலையை வீட்டுக்காரர் தினமும் மிதித்துக்கொண்டு நடந்ததாகவும் வழிகாட்டி சொன்னார். அதை நான் தமிழில் சொன்னதும் பெண்கள் செருப்பைக் கழற்றி வைத்துவிட்டு அந்தத் தரையைத் தேய்த்துத் தேய்த்து நடந்தார்கள்.

"நம்ம தொர தலை எங்கிட்டு இருக்குன்னு கேளுங்க!"

"கங்காணி தலை இருந்தாலும் சொல்லச் சொல்லுங்க!"

அக்காவும் மிதித்தாள். ஒரு வாரத்துக்குப் பிறகு அவள் பல் தெரியச் சிரித்ததை அன்றுதான் பார்த்தேன். அப்போது என் போன் அடித்தது. மணி பத்தரை. வெளி முற்றத்துக்குப் போய் எடுத்தேன். தோழன்.

"மாமா, எங்க இருக்கீங்க?"

"எம்பிலிப்பிட்டிய பக்கம்."



"ஒடனே வாங்க மாமா. அம்மாவக் கூட்டிக்கிட்டு வாங்க. அவங்ககிட்ட ஒண்ணும் சொல்லாதீங்க."

வைத்துவிட்டான்.

எங்கள் ஆட்கள் சாவைப் போனில் சொல்ல மாட்டார்கள். தூரத்தில் இருக்கிறவன் தனியாக அழுதுகொண்டு வரக் கூடாது, வழியில் ஏதாவது ஆகிவிடும் என்பார்கள். உடனே வா என்று மட்டும் சொல்வார்கள். அப்பா செத்தபோது நான் அம்பாந்தோட்டையில் இருந்தேன். எனக்கு வந்ததும் இவ்வளவுதான். பஸ் விட்டு இறங்கி, ரோட்டோரத்தில் வெள்ளைக் கொடியைப் பார்த்துத்தான் தெரிந்துகொண்டேன். அம்மாவுக்கும் அப்படியே. அந்த மாதிரிப் போன் வந்தால் திருப்பிக் கூப்பிட்டுக் கேட்கிற வழக்கமும் இல்லை. சொல்ல முடியாமல்தானே வைத்தான், அவனை ஏன் சொல்ல வைக்க வேண்டும்?

அதனால் நான் கேட்கவில்லை. பையன் போய்விட்டான் என்று முடிவு செய்துவிட்டேன்.

சுவரோரம் உட்கார்ந்துவிட்டேன். உள்ளே சிரிப்புச் சத்தம் கேட்டுக்கொண்டிருந்தது. நான் என்ன நினைத்தேன் என்பதை உள்ளபடி எழுதுகிறேன். சொன்னால் இந்த நிமிஷமே தீட்டு. பஸ்ஸில் பாதிப் பேர் சொந்தக்காரர்கள், ஒருவரும் கோயில் படி மிதிக்க முடியாது. பஸ்ஸைத் திருப்ப வேண்டும். அக்காவின் தட்டு போகாது. காதில் விழாத சாவுக்குத் தீட்டு இல்லை என்று பெரியவர்கள் சொல்லக் கேட்டிருக்கிறேன். செத்தவனுக்கு இனி அவசரம் என்ன இருக்கிறது? இப்போது போனாலும் பிணம்தான், ராத்திரி போனாலும் பிணம்தான். அதுவரைக்கும் அவள் உயிரோடிருக்கிற பிள்ளைக்குத் தாயாக இருக்கட்டும். இத்தனை வருஷம் அவள் சோற்றைத் தின்றவன் அவளுக்குக் கொடுக்க முடிந்தது இந்தச் சில மணி நேரம்தான் என்று நினைத்தேன். அது எனக்குப் பெரிய காரியமாகவும் பட்டது.

போனை அணைத்துப் பைக்குள் போட்டுவிட்டு உள்ளே போனேன். அக்கா கேட்டாள்.

"யாரு போன்ல?"

"சந்தையில தெரிஞ்ச ஆளு. வேலை இருக்காம்."

"வேலைன்னா ஒனக்கு ஏன் மூஞ்சி இப்படிப் போவுது?" என்று சிரித்தாள்.

எம்பிலிப்பிட்டியவில் பஸ்ஸை நிறுத்தினார்கள். அக்கா தட்டுக்குப் பழம் வாங்கினாள். ஒவ்வொரு மாம்பழத்தையும் முகர்ந்து பார்த்து, அடிபட்டதையெல்லாம் ஒதுக்கினாள். கடைக்காரர் முஸ்லிம் மனிதர், தமிழ்தான் பேசினார்.

"எல்லாம் நல்ல பழம்தாம்மா. யாருக்கு இப்படித் தேடுறீங்க?"

"எம்மவனுக்குங்க. ஆஸ்பத்திரியில இருக்கான். இப்ப பரவால்ல."

கடைக்காரர் இன்னொரு பழத்தைச் சும்மா போட்டுக் கொடுத்தார். நான் பழப்பையைத் தூக்கிக்கொண்டு முன்னால் நடந்தேன்.

திஸ்ஸமகாராமையில் வெயில் வெள்ளையாக அடித்தது. தாதுகோபத்தைச் சுற்றி வெறுங்காலோடு நடந்தோம். எந்த ராசா கட்டினார், எத்தனை காலம் காடாகிக் கிடந்தது, யார் திரும்பக் கண்டுபிடித்தார்கள் என்று வழிகாட்டி சொல்லிக்கொண்டே வந்தார். என் வாயிலிருந்து தமிழும் வரவில்லை, சிங்களமும் வரவில்லை. ராசா கட்டினது, இடிந்தது, மறுபடி கட்டினாங்க என்று மட்டும் சொன்னேன்.

"என்னாங்க இது, அவரு அரை மணி நேரம் பேசுறாரு, நீங்க மூணு வார்த்தையில முடிக்கிறீங்க?" என்று ஒரு பெண் கேட்டாள். "சும்மா சீட்டுக்கு அவ்வளவுதான்" என்றாள் இன்னொருத்தி. வழிகாட்டி என் தோளைத் தொட்டு, அண்ணே, உடம்பு சரியில்லையா என்று சிங்களத்தில் கேட்டார். வெயில் என்றேன். அவர் தன் தண்ணீர்ப் போத்தலைக் கொடுத்தார்.

கதிர்காமத்தில் மாணிக்க கங்கையில் எல்லாரும் குளித்தார்கள். அக்கா ஈரத் தலையோடு தட்டைத் தலையில் வைத்துக்கொண்டு வரிசையில் நின்றாள். பூஜை மணி அடித்தபோது நான் அவளுக்குப் பின்னால் நின்றேன். நான் கும்பிடவில்லை. அவள் உதடு அசைந்துகொண்டே இருந்தது. மகன் பேரைத்தான் சொல்லியிருப்பாள். வெளியே வந்து என் நெற்றியில் விபூதி பூசினாள்.

"இப்பத்தான் வயித்துக்குள்ள பாரம் எறங்குச்சு" என்றாள்.

இனிச் சொல்லலாம் என்று முடிவு செய்தேன். அதற்கு முன் பிணத்தை எப்போது தருவார்கள், பெட்டிக்குச் சொல்லியாயிற்றா என்று கேட்டுக்கொள்ள வேண்டும் அல்லவா? பஸ்ஸுக்குப் பின்னால் போய்ப் போனைத் திறந்தேன். முதல் மணியிலேயே தோழன் எடுத்தான்.

"ஏன் மாமா போனை அணைச்சு வச்சீங்க?" அழுதுகொண்டிருந்தான். "எத்தன தடவ அடிச்சேன். எங்க இருக்கீங்க? இரத்தினபுரிக்கு வந்துட்டீங்களா?"

"கதிர்காமம்."

"என்ன மாமா சொல்றீங்க? நான் கூப்புட்டப்ப அவன் கண்ணு முழிச்சுக்கிட்டு இருந்தானே! மூச்சுதான் வாங்குச்சு. அம்மா எங்க, அம்மா எங்கன்னு கேட்டுக்கிட்டே இருந்தான். எம்பிலிப்பிட்டிய தாண்டிட்டாங்க, இப்ப பெல்மதுள்ள வந்துருப்பாங்கன்னு சொல்லிக்கிட்டே இருந்தேன். அஞ்சு மணிக்குத்தான் மாமா..."

"நீ ஏன் விவரமாச் சொல்லல?"

"நீங்க ஏன் கேக்கல?"

பத்தரைக்குத் திரும்பியிருந்தால் இரண்டு மணிக்குள் ஆஸ்பத்திரியில் இருந்திருப்போம். அவன் கையைப் பிடித்துக்கொண்டு அவள் மூன்று மணி நேரம் இருந்திருப்பாள்.

அக்காவைப் பஸ்ஸுக்குப் பின்னால் கூப்பிட்டுச் சொன்னேன். அவள் கத்தவில்லை. "எப்ப?" என்று மட்டும் கேட்டாள். அஞ்சு மணிக்கு என்றேன். பத்தரைப் போனைப் பற்றிச் சொல்லவில்லை. விஷயம் பஸ்ஸில் எல்லாருக்கும் தெரிந்துபோனது. வழிகாட்டி தன் முன் சீட்டை அவளுக்குக் கொடுத்துவிட்டு வழி முழுக்க நின்றுகொண்டே வந்தார்.

மறுநாள் பிணம் லயத்துக்கு வந்தது. மருமகள் தலையிலடித்து அழுதாள். "காலையில இருந்து அம்மா அம்மான்னு கேட்டாரே! பத்தரைக்கே மாமாகிட்டச் சொல்லியாச்சே!" அக்காவின் அழுகை நின்றுபோனது. தலையை நிமிர்த்தி, வாசலில் நின்ற ஆட்களுக்குள் என்னைத் தேடினாள். நான் தகரக் கொட்டகைக்குக் கம்பு ஊன்றிக்கொண்டிருந்தேன். கண் பட்டதும் திரும்பிக்கொண்டேன்.

அடக்கம் முடிந்து மூன்றாம் நாள் காலை அவளே கேட்டாள். அடுப்படியில் அவளும் நானும் மட்டும். நடந்ததை ஒன்று விடாமல் சொன்னேன். செத்துவிட்டான் என்று நினைத்ததை, தீட்டை, தட்டை, போனை அணைத்ததை. செத்தவனுக்கு என்ன அவசரம் என்று நான் நினைத்ததைக்கூடச் சொன்னேன். அவள் அடுப்பையே பார்த்துக்கொண்டு கேட்டாள்.

"செத்துட்டான்னே வச்சுக்க. அதச் சொல்லியிருந்தாலும் நான் ஓடியிருப்பேன்ல?"

நான் ஒரு விறகை அடுப்புக்குள் தள்ளினேன்.

"பொணமாக் கெடந்தாலும் எம்புள்ளதானடா. தனியாக் கெடக்கான்னு ஓடியிருப்பேன். தட்டு எனக்கு எதுக்கு?"

முப்பதாம் நாள் வரைக்கும் தோட்டத்தில் இருந்தேன். விறகு வெட்டிப் போட்டேன், குழாயடியில் தண்ணீர் பிடித்து வைத்தேன். எட்டாம் நாளிலிருந்து அவள் கொழுந்துக்குப் போனாள். மருமகளுக்கு ஆண் குழந்தை பிறந்தபோது நான் அங்கே இல்லை. எம்பிலிப்பிட்டியவில் மூட்டை தூக்கிக்கொண்டிருந்தேன். தோழன்தான் போனில் சொன்னான். இந்தத் தடவை எல்லாவற்றையும் கேட்டேன். எத்தனை மணிக்குப் பிறந்தது, எடை எவ்வளவு, தாய் எப்படி இருக்கிறாள், அக்கா குழந்தையைத் தூக்கினாளா. தூக்கினாள் என்றான். என்னைப் பற்றி ஏதாவது கேட்டாளா என்றேன்.

"இல்ல மாமா" என்றான்.